இடது மூலையில் அகல்யா

அத்தியாயம் ஒன்பது

வக்கீல் ஷங்கரின் விசிட்டிங் கார்டு மேல் சூடான டீ கிளாஸை வைப்பதில் பத்ரிக்கு ஒரு தனி சந்தோஷம் இருந்தது. கார்டு மேஜைக்கு வந்து இரண்டு நாள்கூட ஆகவில்லை. அதற்குள் பழுப்பு வட்டங்கள் ஒன்றன் மேல் ஒன்றாக விழுந்து 'அட்வகேட்' பாதி மங்கிவிட்டது. இன்னும் ஒரு வாரம் கேஸ் இழுத்தால் ஆளே அழிந்துவிடுவான் என்று பத்ரி நம்பிக்கொண்டிருந்தான்.

"பத்ரி, மேஜையில வேற எடமே இல்லையா?" என்றாள் சுபாஷிணி, கையிலிருந்த போட்டோவை விட்டுக் கண்ணை எடுக்காமல்.

"இருக்கு பாஸ். ஆனா இங்கேதான் கிளாஸ் ஆடாம நிக்கறது."

தில்லி கோல் மார்க்கெட்டில் ஒரு மிட்டாய்க் கடையின் மாடியில் அவர்கள் ஆபீஸ். எந்தக் கொலையைப் பற்றிப் பேசினாலும் கீழேயிருந்து ஜிலேபி வாசனை ஏறி வரும். சுபாஷிணி மத்திய சர்க்கார் உத்தியோகத்தை உதறிவிட்டுத் துப்பறியும் ஏஜென்சி ஆரம்பித்தபோது மந்திர் மார்க் தமிழர்கள் வரிசையாக வந்து, போன பென்ஷனுக்குத் துக்கம் விசாரித்தார்கள். அப்படி விசாரிக்க வந்தவன் பத்ரி. வந்தவன் போகவே இல்லை.

ஆறு வருஷமாக அவளை 'பாஸ்' என்றுதான் கூப்பிடுகிறான். 'சுபா' என்ற சொல் தொண்டை வரை வந்து திரும்பிப் போன நாட்களுக்குக் கணக்கே இல்லை. இந்த ஷங்கரோ வந்த முதல் நாளே நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, "அரே சுபா, சின்ன ஆபீஸ், பட் சூப்பர் ஆபீஸ்" என்றான். அன்றிலிருந்து பத்ரிக்கு வயிறு எரிகிறது. பொறாமைதான். வேறு கௌரவமான பெயர் எதுவும் அவனுக்கு அகப்படவில்லை.

"நேத்து பதர்பூர் எல்லைக்குப் போனியே, என்ன ஆச்சு?"

பத்ரி பையிலிருந்து மூன்று ஸ்டிக்கர்களை எடுத்து மேஜை மேல் பரத்தினான். "மாசப் பாஸ் ஸ்டிக்கர். சாவடியில வண்டி நம்பர் சொன்னேன், காசு வாங்கிண்டு குடுத்துட்டான். வண்டி எங்கே, டிரைவர் யாருன்னு ஒரு வார்த்தை கேட்கலை."

"எந்த வண்டி நம்பர் குடுத்தே?"

"என் ஸ்கூட்டர் நம்பர். இனிமே என் ஸ்கூட்டர் சட்டப்படி வாடகைப் பயணி வாகனம் பாஸ். நீங்க பின்னாடி உட்கார்ந்தா மீட்டர் ஓடும்."

சுபாஷிணி சிரித்தாள். அந்தச் சிரிப்புக்காக பத்ரி இன்னும் பத்து ஸ்டிக்கர் வாங்கியிருப்பான்.

விஷயம் இதுதான். தில்லிக்குள் நுழையும் டாக்ஸி, டூரிஸ்ட் வண்டி எதுவானாலும் எல்லைச் சாவடியில் மாநகராட்சிக்குக் கட்டணம் கட்டியாக வேண்டும். வசூலிப்பது ஒரு குத்தகைக்காரர். ராணுவத்தில் லாரி ஓட்டி ஓய்வு பெற்று, இப்போது சொந்தமாக ஒரு டாடா சுமோ ஓட்டும் ராஜசேகரன்தான் முதலில் முரண்டு பிடித்தார். 'இந்த ஊர் நம்பர் பிளேட், இந்த ஊரில் வரி கட்டுகிறேன். ஆக்ராவுக்குப் போய்விட்டு வீடு திரும்புகிறவனிடம் நுழைவுக் கட்டணமா?' என்று சக டிரைவர்களைச் சேர்த்துக்கொண்டு ஹைகோர்ட்டில் வழக்குப் போட்டார். தீர்ப்பு வரும் வரை வழக்குப் போட்டவர்களிடம் வசூலிக்கக் கூடாது என்று தடை உத்தரவும் வாங்கினார். 'நான் ஒருநாளும் இந்தக் கட்டணத்தை ஒப்புக்கொண்டு பாஸ் வாங்கியதில்லை' என்பது அவர் சத்தியம் செய்து கொடுத்த வாக்குமூலம்.

இப்போது குத்தகைக்காரர் தரப்பு, சாவடியில் எடுத்த ஒரு போட்டோவைக் கோர்ட்டில் நீட்டியிருக்கிறது. ராஜசேகரனின் சுமோ எல்லையைக் கடக்கிறது. முன் கண்ணாடியில் மாசப் பாஸ் ஸ்டிக்கர் பளிச்சென்று இருக்கிறது. நாளைக் காலை விசாரணை. பொய்ச் சத்தியம் என்று நீதிபதி முடிவு கட்டினால் வழக்கு போகும், வண்டியைப் பறிமுதல் செய்வார்கள், அவரை நம்பி வந்த அத்தனை டிரைவர்களும் அவர் முகத்தில் காறித் துப்புவார்கள்.

"அவர் ஸ்டிக்கரைக் கிழிச்சுப் போட்டதுதான் பாஸ் பெரிய தப்பு," என்றான் பத்ரி. "அடுத்த நாள் வண்டி கழுவறச்சேதான் பார்த்தாராம். உள்ளேயிருந்து தெரியலையாம்."

"தெரியாதுதான். வெளியில ஒட்டியிருக்கு, கறுப்பு ஃபிலிம் பட்டை மேல, நடுவில. உள்பக்கம் ரியர் வியூ கண்ணாடி மறைச்சுக்கும்."

"எல்லையில காசு கேட்காம விட்டாளே, அப்பவாவது சந்தேகப்பட்டிருக்க வேண்டாமா?"

"கோர்ட் உத்தரவுக்கு மரியாதை வந்துடுத்துன்னு சந்தோஷப்பட்டாராம், பாவம்."

அந்தப் போட்டோ எடுத்த அன்றைக்கு விடியற்காலையில், சாணக்யபுரி விருந்தினர் இல்லத்து வாசலில் பனிமூட்டத்தில் வண்டியை நிறுத்திவிட்டு ராஜசேகரன் பயணிகளின் பெட்டிகளை எடுக்க உள்ளே போயிருக்கிறார். அப்போது வண்டிக்குப் பக்கத்தில் இருந்தவர்கள் இரண்டே பேர். ஒருவன் சிவகுமார், முன்னால் நின்ற டாக்ஸியின் டிரைவர். டிரைவர்கள் சங்கத்தின் செயலாளர், ராஜசேகரன் மனைவிக்குச் சொந்த அத்தை மகன், வழக்கில் இரண்டாவது மனுதாரரும்கூட. இன்னொருவன், ராஜசேகரன் ஆக்ரா கிளம்புவதற்குள் ஒரு காகிதத்தில் கையெழுத்து வாங்க அந்தக் குளிரில் ஓடி வந்த அவருடைய வக்கீல் ஷங்கர்.

"எனக்கென்னமோ வக்கீல் மேலதான் சந்தேகம்," என்றான் பத்ரி.

"உனக்கு அவர் மேல அவர் உள்ளே நுழைஞ்ச நிமிஷத்துலேர்ந்தே சந்தேகம்."

"எதிர்க்கட்சி வக்கீலோட உட்கார்ந்து சமோசா சாப்பிட்டதை நானே பார்த்தேன் பாஸ். சட்னியைக்கூட ஒரே கிண்ணத்துல தொட்டுண்டா."

பேசிக்கொண்டே கிளாஸை எடுத்து ஒரு வாய் குடித்தான். திரும்ப வைக்கப் போன இடத்தில் பிரவுன் கலர் ஃபைல் ஒன்று கிடந்தது. அதன் அட்டையில் நீல மையில் அவள் கையெழுத்து: சுபாஷிணி. கிளாஸ் அந்தரத்தில் ஒரு கணம் நின்றது. பிறகு ஃபைலைச் சுற்றிக்கொண்டு போய், பழையபடி ஷங்கரின் கார்டு மேல் இறங்கியது.

சுபாஷிணி கிளாஸையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு போட்டோவைப் பார்த்தாள். பிறகு மறுபடி கிளாஸை.

"சாரி பாஸ், துடைச்சுடறேன்."

"வேண்டாம். ஸ்டிக்கரையும் கேமராவையும் எடுத்துக்கோ. ஷங்கருக்குப் போன் பண்ணு. ஜல்தி."

*

ஷங்கர் காரில் வந்தான். சுபாஷிணி முன் ஸீட்டில் ஏறிக்கொண்டாள். பத்ரி ஸ்கூட்டரில் பின்தொடர்ந்தான். சிக்னலுக்குச் சிக்னல் முன்னால் இரண்டு தலைகள் ஒன்றையொன்று திரும்பிப் பார்த்துப் பேசுவதைப் பின் கண்ணாடி வழியாகப் பார்க்கும்படி ஆயிற்று. ஒரு தடவை அவள் சிரித்தாள். என்ன ஜோக் சொல்லியிருப்பான்? இவனுக்கு ஜோக்கெல்லாம் சொல்ல வருமா? சாணக்யபுரி வருவதற்குள் பத்ரி மனசுக்குள் ஷங்கருக்கு ஏழு வருஷக் கடுங்காவல் வாங்கிக் கொடுத்துவிட்டான்.

விருந்தினர் இல்லத்துக்கு வெளியே, குளிர்கால மத்தியான வெயிலில் டாக்ஸிகள் வரிசையாக நின்றன. ராஜசேகரன் பெரிய மீசையும் சவரம் செய்யாத கன்னமுமாக ஓடி வந்தார். பின்னால் சிவகுமார், ஒல்லியாக, மஃப்ளரைக் காது வரை சுற்றிக்கொண்டு.

"மேடம், நாளைக்கு என்ன ஆகும் மேடம்? பசங்க யாரும் எங்கூடப் பேச மாட்றாங்க. திருட்டுத்தனமாப் பாஸ் வாங்கிட்டு ஊரை ஏமாத்துனேன்னு சொல்றாங்க. சிவா ஒருத்தன்தான் பக்கத்துல நிக்கிறான்."

"நிக்காம என்ன அண்ணே," என்றான் சிவகுமார்.

சுபாஷிணி வரிசையில் நின்ற வண்டிகளைப் பார்த்துக்கொண்டே நடந்தாள். பாஸ் வாங்கியிருந்த எல்லா வண்டிகளிலும் ஸ்டிக்கர் ஒரே இடத்தில் இருந்தது: டிரைவருக்குப் பக்கத்து ஸீட்டுக்கு நேர் மேலே, இடது மூலை. சாவடிப் பையன்கள் அங்கேதான் அறைகிறார்கள். ஒரு வண்டியில் பிள்ளையாரின் தும்பிக்கைக்கு மேல் அறைந்திருந்தது. இன்னொன்றில் சாய்பாபாவுக்கு ஒரு கண்தான் மிச்சம்.

"சாமி, பூதம்னு பாக்கறதில்ல மேடம் அவனுங்க," என்றார் ராஜசேகரன்.

அவருடைய சுமோவின் இடது மூலையில் சாமி இல்லை. கறுப்புப் பட்டை மேல் வெள்ளை பெயின்ட்டில், தமிழில், வளைவு நெளிவுகளோடு ஒரு பெயர் எழுதியிருந்தது.

அகல்யா.

"சம்சாரமா?"

"ஆமா மேடம். லோன்ல வண்டி எடுத்தப்ப எழுதினது." மீசைக்குள் கொஞ்சம் வெட்கப்பட்டார்.

பத்ரிக்கு இதெல்லாம் காதில் ஏறவில்லை. ஷங்கர் சுபாஷிணியின் தோளுக்கு ரொம்பப் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தான். பத்ரியால் தாங்க முடியவில்லை.

"மிஸ்டர் ஷங்கர், அன்னிக்குக் காலங்கார்த்தால இங்கே வந்தேளே, கையெழுத்து வாங்க மட்டும்தானா?"

"பின்னே?"

"எதிர்க்கட்சி வக்கீலோட என்ன சமோசா உறவு?"

ஷங்கர் கோபப்படவில்லை. அதுதான் பத்ரிக்கு இன்னும் எரிந்தது. "பாய்சாப், எங்க கேன்டீன்ல சாப்பிடறமாதிரி இருக்கற ஒரே ஐட்டம் சமோசா. ஹாஃப் ஆஃப் டெல்லி பார் அசோசியேஷன் அங்கேதான் உட்காரும். நீங்க வாங்க, உங்களோடயும் சாப்பிடறேன்."

"பத்ரி, போதும்," என்றாள் சுபாஷிணி. குரலில் கோபம் இல்லை, ஆனால் பத்ரி வாயை மூடிக்கொண்டான். "நாளைக்குக் கோர்ட்ல காட்ட ஒரு சின்ன செய்முறை வேணும். இந்த ஸ்டிக்கரை யார் வேணா வாங்கலாம், யார் வேணா இந்த வண்டில ஒட்டலாம்னு. மூணு பேரும் ஆளுக்கு ஒண்ணு ஒட்டுங்கோ, பத்ரி போட்டோ எடுப்பான். சாவடிப் பையன்கள் ஒட்டற மாதிரி, அதே மூலையில. அழுத்தி ஒட்ட வேண்டாம், உடனே எடுத்துடணும்."

முதலில் ஷங்கர். ஸ்டிக்கரின் காகிதத்தை உரித்துவிட்டு மூலையைப் பார்த்துக் கொஞ்சம் தயங்கினான். பத்ரியின் காது விறைத்தது.

"சுபா, இந்த டிசைன் மேலயா?"

"டிசைன் இல்லை, பேர்."

"ஓ, தமிழா? எனக்கு எங்கே படிக்க வரும்! ஸ்கூல்ல ஹிந்தி, சான்ஸ்க்ரிட் தானே!" என்று பட்டென்று 'கல்' மேல் அறைந்தான்.

பத்ரி கிளிக் செய்தான். ஏழு வருஷக் கடுங்காவல் அப்போதே கொஞ்சம் ஆட்டம் கண்டது.

அடுத்தது ராஜசேகரன். அவர் பார்க்கக்கூட இல்லை. முப்பது வருஷம் டயர் மாற்றிய கை. இடது உள்ளங்கையால் ஸ்டிக்கரை மூலையில் வைத்து ஒரே தேய்ப்பு. மனைவி முழுசாக மறைந்து போனாள். "இப்படித்தான் மேடம் அறைவானுங்க," என்றார்.

கிளிக்.

"சிவகுமார், நீங்க."

சிவகுமார் ஸ்டிக்கரை வாங்கிக்கொண்டு வண்டிக்கு முன்னால் போய் நின்றான். உரித்தான். கையை மூலைக்குக் கொண்டுபோனான். கை அங்கேயே நின்றது.

"தூசியா இருக்கு மேடம்."

"தொடைச்சுட்டு ஒட்டுங்கோ."

மஃப்ளர் நுனியால் துடைத்தான். ஒவ்வொரு எழுத்தாகத் துடைத்தான். துடைத்து முடித்தும் ஒட்டவில்லை. வரிசையில் எங்கேயோ ஒரு டிரைவர் ரேடியோவைத் திருகினான். அந்தச் சத்தத்தில் திடுக்கிட்டவன்போல சிவகுமார் கையை நகர்த்தி, கண்ணாடியின் நடுவில், ரியர் வியூ கண்ணாடிக்கு நேராக, கோணல்மாணலாக ஒட்டினான்.

பத்ரி கிளிக் செய்துவிட்டுக் கேமராவைக் கண்ணிலிருந்து இறக்கினான். குத்தகைக்காரர் கோர்ட்டில் கொடுத்த போட்டோ இது. அதே இடம், அதே கோணல்.

சுபாஷிணி ராஜசேகரன் பக்கம் திரும்பினாள். "எல்லாருக்கும் டீ சொல்லுங்களேன். ஷங்கர், நீங்களும் போங்கோ."

அவர்கள் இருவரும் டீக்கடைப் பக்கம் போகும் வரை காத்திருந்தாள். பிறகு தணிந்த குரலில் சொன்னாள்:

"தமிழ் தெரியாதவனுக்கு அது டிசைன். கட்டிண்டவருக்கு அது பழகிப் போன பேர், கை தானா அது மேல போயிடறது. அந்தப் பேரைத் தொடக் கை வராத ஒருத்தர்தான் நடுவில ஒட்ட முடியும், சிவகுமார்."

சிவகுமார் மறுக்கப் போகிறான் என்று பத்ரி எதிர்பார்த்தான். ஆனால் அவன் சுமோவின் பம்பர் மேல் அப்படியே உட்கார்ந்துவிட்டான்.

"அன்னைக்கும் மூலையிலதான் ஒட்டப் போனேன் மேடம். அந்தப் பனியில என் கையே எனக்குத் தெரியல. ஆனா அந்தப் பேரு தெரிஞ்சுச்சு."

"எதுக்காக?"

"என் மாமன் மக. எனக்குன்னு சொல்லி வச்ச பொண்ணு. பட்டாளத்துக்காரரு பென்ஷனோட வந்தாரு, மாமன் மனசு மாறிருச்சு. சரின்னு பொழப்பத் தேடி இங்க வந்தா, அவரும் இங்கயே வந்து சேந்தாரு. ஸ்டாண்டு வரிசையில தெனம் எனக்குப் பின்னாடி அவரு வண்டி. நான் என் கண்ணாடியப் பாத்தா அதுல அவ பேரு. இடவலமா மாறித் தெரியும். இப்ப எனக்கு அந்தப் பேர அப்படித்தான் வாசிக்க வருது மேடம்."

மஃப்ளரை இழுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"அதையும் பொறுத்துக்கிட்டேன். கேஸுல தடை வாங்குன அன்னிக்கு அவரு படம் பேப்பர்ல வந்துச்சு. அகல்யா அத வெட்டி ஃப்ரேம் போட்டுச் செவத்துல மாட்டிருக்கு. எனக்கு எலை போட்டுட்டு, 'பாருங்க அத்தான்'னு காட்டுச்சு. சோறு எறங்கல மேடம். அந்தப் படம் அங்கருந்து எறங்கணும், அம்புட்டுத்தான் நெனச்சேன். வண்டியப் பிடுங்குவாங்கன்னெல்லாம் யோசிக்கல."

பத்ரிக்குச் சிக்னலில் முன்னால் தெரிந்த இரண்டு தலைகள் ஞாபகம் வந்தன. தன்னிடம் இன்று ஒரு ஸ்டிக்கர் இருந்து, ஷங்கரின் கார் பனியில் தனியாக நின்றிருந்தால்? அந்தக் கேள்வியை அவன் அங்கேயே நிறுத்திக்கொண்டான்.

"நாளைக்குக் கோர்ட்ல நீங்கதான் ஒட்டினேள்னு சொல்லணும்," என்றாள் சுபாஷிணி. "சொல்லலைன்னா நான் அந்த மூணு போட்டோவையும் வெச்சு வாதாடச் சொல்ல வேண்டியிருக்கும். அப்போ அந்தப் பேர் யாரோடது, உங்களுக்கு ஏன் கை வரலைன்னு நாலு பேர் முன்னாடி கேட்பா. பேப்பர்லயும் வரும்."

"வேணாம்." சிவகுமார் விருட்டென்று எழுந்தான். "அவ பேரு வர வேணாம் மேடம். நானே சொல்லிர்றேன்."

டீ கிளாஸ்களைக் கம்பி வளையத்தில் தொங்கவிட்டுக்கொண்டு ராஜசேகரன் ஷங்கரோடு திரும்பி வந்தார். சிவகுமார் அவருக்கு எதிரே போய் நின்றான்.

"அண்ணே, ஸ்டிக்கர நாந்தாண்ணே ஒட்டுனேன்."

கம்பி வளையம் சாய்ந்து டீ கீழே கொட்டியது.

"நீங்க தலைவராயிட்டீங்க. மனுவுல உங்க பேரு மேல, என் பேரு கீழ. பேப்பர்ல உங்க படம். எனக்குப் பொறுக்கல."

அடி விழும் என்று பத்ரி ஒரு எட்டு முன்னால் வைத்தான். விழவில்லை. ராஜசேகரன் வளையத்தைக் கீழே வைத்தார்.

"இம்புட்டுத்தானாடா? ஒரு வார்த்தை சொல்லிருந்தா உன் பேர மேல போட்டிருப்பேனேடா. இதை நான் அகல்யாகிட்ட எப்படிடா சொல்லுவேன்? பொங்கலுக்கு உனக்குத்தானே அவ மொத எலை போட்டா!"

சிவகுமார் தலையைக் குனிந்துகொண்டான். பெரிய பொறாமையைச் சின்னப் பொறாமைக்குப் பின்னால் ஒளித்து வைத்துவிட்டான் என்பது அங்கே அவனைத் தவிர இரண்டு பேருக்குத்தான் தெரியும். அவர்கள் சொல்லப் போவதில்லை.

*

வாக்குமூலத்தை டைப் அடிக்க ஷங்கர் சிவகுமாரையும் ராஜசேகரனையும் காரில் ஏற்றிக்கொண்டு போனான். போகும்முன் ஜன்னலைக் கீழே இறக்கி, "சுபா, நாளைக்கு ஜெயிச்சதும் கனாட் ப்ளேஸ்ல லஞ்ச். பக்கா!" என்று கத்தினான். சுபாஷிணி கையை மட்டும் ஆட்டினாள். அது வருகிறேன் என்றா, போய் வா என்றா என்று பத்ரி ஸ்கூட்டரில் கோல் மார்க்கெட் வரும் வரை ஆராய்ந்தான். பின் ஸீட்டில் அவள் இருந்தும் கேட்கத் தைரியம் வரவில்லை.

ஆபீஸில் விளக்கைப் போட்டு, கீழேயிருந்து இரண்டு டீ வரவழைத்தான்.

"வக்கீல்கிட்ட நாளைக்கு மன்னிப்புக் கேட்டுடறேன் பாஸ்."

"கேளு."

"அந்த மூலை, அந்தப் பேரு... உங்களுக்கு எப்படித் தோணித்து? நானும் அதே போட்டோவைத்தானே பார்த்தேன்."

சுபாஷிணி நாற்காலியில் சாய்ந்துகொண்டாள். "ஸ்டிக்கர் ஏன் மூலையில இல்லைன்னு காலையிலேர்ந்து மண்டையைக் குடைஞ்சுது. அப்போ ஒரு ஆள் டீ கிளாஸை என் ஃபைல் மேல வைக்கப் போனான். என் பேரைப் பார்த்தான். சுத்திண்டு போய் வேற எடத்துல வெச்சான்."

பத்ரி தன் கிளாஸுக்குள்ளேயே பார்த்தான்.

"ஆறு வருஷமா அந்த ஆள் என் பேர் மேல ஒரு பென்சிலைக்கூட வெச்சதில்லை பத்ரி. நான் துப்பறியறவள். இதைக்கூடக் கவனிக்க மாட்டேனா?"

கீழே ஜிலேபிக்காரர் யாரையோ ஹிந்தியில் திட்டிக்கொண்டிருந்தார். பத்ரி அந்த வசவு முழுவதையும் மிகுந்த சிரத்தையோடு கேட்டான். முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. கிளாஸை எங்கே வைப்பது என்று அதைவிடத் தெரியவில்லை. ஒரு பக்கம் அவள் ஃபைல், ஒரு பக்கம் ஷங்கரின் கார்டு.

"பொறாமையைப் பொறாமைக்காரனை வெச்சுத்தான் பிடிக்க முடிஞ்சுது," என்றாள். "ஆனா சிவகுமார் மாதிரி நீ வாயே திறக்காம இருந்துடாதே. அந்த மனுஷன் இன்னிக்குக்கூட உண்மையைச் சொல்லலை."

"பாஸ்..."

"இன்னும் பாஸா?"

அவள் தன் கிளாஸை எடுத்தாள். ஒரு வாய் குடித்தாள். மேஜையில் எத்தனையோ காலி இடம் இருந்தது. அவள் கை நேராகப் போய், ஷங்கரின் கார்டு மேல், மிச்சமிருந்த பெயருக்கு நட்டநடுவில் கிளாஸை வைத்தது.

"நீ சொன்னது சரி," என்றாள் சுபாஷிணி. "இங்கேதான் ஆடாம நிக்கறது."